ஆர்டர் கையில் இருக்கிறது, பணம் வரவில்லை: கன்டெம்ப்ட் போடலாமா?

கேள்வி: என் கணவர் அரசு மேல்நிலைப் பள்ளியில் இரவுக் காவலராக இருந்தார். 2023 கடைசியில் பணியில் இருக்கும்போதே இறந்துவிட்டார். குடும்ப ஓய்வூதியம் கேட்டதற்கு, அவருடைய ஆரம்பகாலப் பணியைக் கணக்கில் எடுக்க முடியாது என்று கல்வி அலுவலகத்தில் நிராகரித்துவிட்டார்கள். உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் போட்டோம். 2025 மார்ச் 18 அன்று எங்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்தது. சர்டிஃபைட் காப்பி வாங்கி ஒப்புதல் அட்டையுடன் பதிவுத் தபாலில் அனுப்பினேன். ஏப்ரல் கடைசியில் அட்டை திரும்பி வந்தது. இன்றுவரை ஒரு ரூபாய் வரவில்லை. போய்க் கேட்டால், “ஃபைல் சென்னைக்குப் போயிருக்கு, ஜி.பி. (அரசு வக்கீல்) ஒப்பீனியன் வரணும், அப்பீல் போகப் போறோம்” என்கிறார்கள். முதல்வர் தனிப்பிரிவுக்கும், கலெக்டர் ஆபீஸ் திங்கள்கிழமைக் கூட்டத்திலும் மனு கொடுத்துவிட்டேன். கன்டெம்ப்ட் போட்டால் அந்த அதிகாரி ஜெயிலுக்குப் போவாரா? தாமதத்துக்கு வட்டியும் கேட்கலாமா? என் மகன் கருணை அடிப்படையில் வேலைக்கு விண்ணப்பித்திருக்கிறான். அதே ஆபீஸ் வழியாகத்தான் அந்தக் காகிதமும் போக வேண்டும். கோர்ட்டுக்கு இழுத்தால் அதைக் கெடுத்துவிடுவார்களோ என்று பயமாக இருக்கிறது. இன்னொன்று: என் அண்ணன் பாதைத் தகராறில் முன்சீஃப் கோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்கியிருக்கிறார். பக்கத்துக்காரர் அதை மதிக்காமல் வேலி போட்டுவிட்டார். அதற்கும் ஹைகோர்ட்டில் கன்டெம்ப்ட் போடலாமா? பெயர், ஊர் வெளியிட வேண்டாம்.

பதில்: அம்மா,

கடிதத்தோடு நீங்கள் அனுப்பிய படங்களைப் பார்த்தேன். தீர்ப்பின் கடைசிப் பக்கத்தை மட்டும் மூன்று முறை படித்தேன். கன்டெம்ப்ட், அதாவது நீதிமன்ற அவமதிப்பு மனு, போடலாமா என்று யார் வந்து கேட்டாலும் நான் முதலில் புரட்டுவது அந்தப் பக்கத்தைத்தான். முன்னால் உள்ள பக்கங்களில் நீதிபதி நமக்குச் சாதகமாக எவ்வளவு எழுதியிருந்தாலும், அதிகாரியைக் கட்டிப்போடுவது கடைசிப் பத்தியில் இருக்கும் கட்டளைதான்.

உங்கள் தீர்ப்பின் கடைசிப் பத்தி நிராகரிப்பு ஆணையை ரத்து செய்கிறது. உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரத்துக்குள் குடும்ப ஓய்வூதியத்தை அனுமதித்து, நிலுவையோடு வழங்க வேண்டும் என்கிறது. ‘வழங்க வேண்டும்’ என்ற அந்த ஒரு சொல்தான் உங்கள் பலம். மதுரைக் கிளையிலும் சென்னையிலும் பலரும் வாங்கிப் போகிற உத்தரவு இப்படி இருக்காது. ‘மனுதாரரின் விண்ணப்பத்தைத் தகுதி அடிப்படையில் சட்டப்படி பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்’ என்று இருக்கும். அதையும் ஜெயித்த தீர்ப்பு என்று நினைத்துக்கொண்டு ஊருக்குப் போவார்கள். அதிகாரி கெடு தாண்டி, கன்டெம்ப்ட் நோட்டீஸ் வந்த பிறகு, ‘பரிசீலித்தேன், முடியாது’ என்று ஒரு பக்கத்தில் எழுதிக் கொடுத்தால் பெரும்பாலும் அவமதிப்பு மனு அதோடு முடிந்துவிடும். பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்துவிட்டார். அந்தப் பதில் தப்பாகவே இருந்தாலும் அதைப் புது ரிட் போட்டுத்தான் கேட்க முடியும். ராஜஸ்தானிலிருந்து போன ஒரு பணி மூப்பு வழக்கில் 1996இலேயே உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. உங்களுக்கு அந்தச் சிக்கல் இல்லை. ரிட் போடும்போதே நிராகரிப்பு ஆணையை ரத்து செய்யும்படி கேட்ட உங்கள் வக்கீல் நல்ல வேலை செய்திருக்கிறார்.

இனி, நீதிமன்ற அவமதிப்பு என்றால் சட்டம் என்ன சொல்கிறது என்று பார்க்கலாம். 1971ஆம் ஆண்டுச் சட்டம் அதை இரண்டாகப் பிரிக்கிறது. நீதிமன்றத்தையோ நீதிபதியையோ இழிவுபடுத்துவது, நீதி நடப்பதைக் கெடுப்பது குற்றவியல் அவமதிப்பு. பத்திரிகையில் அதிகம் அடிபடுவது அதுதான். உங்களுடையது உரிமையியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் தீர்ப்பையோ உத்தரவையோ வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்திடம் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே முறிப்பதும் இதில் வரும். தனிப்பட்ட ஒருவர் குற்றவியல் அவமதிப்பு மனு கொண்டுவர, மாநில அரசின் தலைமை வக்கீலான அட்வகேட் ஜெனரலின் சம்மதம் வேண்டும். உங்கள் வகைக்கு அது தேவையில்லை. நீங்களே போடலாம்.

‘வேண்டுமென்றே’ என்ற சொல்லில்தான் பாதி வழக்குகள் தோற்கின்றன. உத்தரவு அதிகாரிக்குத் தெரியும், செய்ய அவருக்கு அதிகாரமும் வழியும் இருந்தன, தெரிந்தே செய்யவில்லை என்று காட்ட வேண்டும். அதில் முதல்படி, உத்தரவு அவர் கைக்குப் போய்ச் சேர்ந்தது என்பது. நான் தொழிலுக்கு வந்த ஆரம்பத்தில் இதில் ஒரு பாடம் படித்தேன். ஓய்வுபெற்ற ஒரு பெரியவர், உத்தரவு நகலை நேரில் கொண்டுபோய் அலுவலகத்தில் ஒருவரிடம் கொடுத்துவிட்டு, “தம்பி நல்ல பையன், மேஜையில் வச்சிக்கிட்டான்” என்று என்னிடம் சொன்னார். தபால் பிரிவில் முத்திரை வாங்கவில்லை. நானும் வாங்கச் சொல்லவில்லை. எட்டு மாதம் கழித்து மனு போட்டபோது, நகல் எங்களுக்கு வரவே இல்லை என்று பதில் மனுத் தாக்கல் செய்தார்கள். ‘நகல் கிடைத்த நாளிலிருந்து’ என்று உத்தரவில் இருந்ததால் கெடு தொடங்கவே இல்லை என்று ஆகிவிட்டது. மறுபடி நகல் அனுப்பி, மறுபடி காத்திருந்தோம். அந்தப் பெரியவருக்கு அப்போது 71 வயது. இன்றைக்கும் யாராவது நேரில் கொடுத்தேன் என்று சொன்னால், நகலின் பின்பக்கத்தைத் திருப்பி முத்திரை இருக்கிறதா என்று பார்த்த பிறகுதான் மேலே பேசுவேன்.

நீங்கள் ஒப்புதல் அட்டை வைத்திருக்கிறீர்கள். அட்டையின் படத்தில் கையெழுத்தும் அலுவலக முத்திரையும் தெரிகின்றன. தேதி முத்திரை மட்டும் மங்கல். 22 போலவும் இருக்கிறது, 27 போலவும் இருக்கிறது. 22 என்றே வைத்துக்கொள்வோம். ஏப்ரல் 22இலிருந்து 84 நாள் எண்ணினால் 2025 ஜூலை 15 வருகிறது. அன்றோடு கெடு முடிந்தது. உங்கள் கடிதத்தில் நீங்கள் கேட்காமல் விட்ட, ஆனால் எல்லாவற்றையும்விட முக்கியமான விஷயம் இதில்தான் இருக்கிறது.

அவமதிப்பு நடந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஓராண்டு கடந்துவிட்டால் நீதிமன்றம் அவமதிப்பு நடவடிக்கை தொடங்கக் கூடாது என்கிறது சட்டத்தின் 20ஆம் பிரிவு. ஓராண்டுக்குள் மனு தாக்கல் ஆகிவிட்டால் போதும், நீதிமன்றம் அதைக் கையில் எடுக்கத் தாமதமானாலும் பரவாயில்லை என்று உச்ச நீதிமன்றம் 2001இல் தெளிவாக்கியது. ஆனால் அந்த ஓராண்டுக்குள் மனு போயிருக்க வேண்டும். உங்களுக்கு அந்தக் கெடு 2026 ஜூலை நடுவில் முடிகிறது. முதல்வர் தனிப்பிரிவில் கொடுத்த மனுவும், திங்கள்கிழமைக் கூட்டத்தில் வாங்கிய ரசீதும், ‘அடுத்த மாசம் வாங்கம்மா’ என்ற பேச்சும் இந்த ஓராண்டை ஒரு நாள்கூட நீட்டித் தராது. உத்தரவை மீறுவது தினமும் தொடர்கிற தவறு, அதனால் கெடு ஓடாது என்று வாதாடலாமே என்று சிலர் சொல்வார்கள். சில வகை வழக்குகளில் அது எடுபட்டிருக்கிறது. ஒரு குறிப்பிட்ட தேதிக்குள் செய் என்ற உத்தரவில் அதை நம்பி இறங்குவது ஆபத்து. காத்திருந்து காத்திருந்து பதினான்காவது மாதம் என்னிடம் வந்தவர்கள் உண்டு. எல்லாக் காகிதமும் ஒழுங்காக இருக்கும், அந்த ஒரு தேதிதான் போயிருக்கும். அவர்களைத் திருப்பி அனுப்பும்போது வருகிற வருத்தம் சொல்லி மாளாது. நீங்கள் பிப்ரவரியிலேயே எழுதியது எனக்கு நிம்மதி. மார்ச் முடிவதற்குள் மனு தாக்கலாகி நம்பர் ஆகிவிட வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அப்பீல் போகப் போகிறோம் என்ற பேச்சுக்கு வருகிறேன். அப்பீல் போவது அவர்கள் உரிமை. தனி நீதிபதியின் உத்தரவை எதிர்த்து இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் அப்பீல் போடலாம். அதற்கு 30 நாள் கெடு. அது போன ஆண்டே தாண்டிவிட்டது. இனிப் போடுவதானால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர்த்துப் போட வேண்டும். அப்பீல் போட்டாலேகூட உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு, அதாவது ஸ்டே, கிடைத்தால்தான் நிற்கும். ‘போகப் போகிறோம்’ என்பதற்கோ சட்டத்தில் எந்த மதிப்பும் இல்லை. ஆனால் நடைமுறையில் ஒன்று தெரிந்துகொள்ளுங்கள். அப்பீலும் ஸ்டே மனுவும் உண்மையாகவே தாக்கலாகி நிலுவையில் இருந்தால், முதலில் ஸ்டே மனுவை முடித்துவிட்டு அவமதிப்பைப் பார்ப்பதே நல்லது என்று உச்ச நீதிமன்றம் 1995இல் சொல்லியிருக்கிறது. நீதிபதிகளும் பெரும்பாலும் அப்படித்தான் செய்கிறார்கள். ஆகவே உங்கள் ரிட் நம்பரையும் பெயரையும் வைத்து நீதிமன்ற இணையதளத்தில் தேடச் சொல்லுங்கள். அப்பீல் இருக்கிறதா, கால நீட்டிப்பு கேட்டு ஏதாவது மனு இருக்கிறதா என்று பாருங்கள். கால நீட்டிப்பு மனுவை உங்களுக்குத் தெரியாமலே போட்டு, கெடுவை நகர்த்தி வாங்கியிருந்தால் நம் கணக்கே மாறிவிடும். கூடவே ஒரு கேவியட் போட்டு வைக்கச் சொல்லுங்கள். 90 நாளைக்கு, உங்களைக் கேட்காமல் ஸ்டே வாங்குவது அவர்களுக்குக் கஷ்டம்.

அடுத்த வேலை தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு. 10 ரூபாய்க் கட்டணம், 30 நாளில் பதில் தர வேண்டும். நீளமாக எழுத வேண்டாம். இந்த ரிட் உத்தரவு உங்கள் அலுவலகத்துக்கு எந்தத் தேதியில் வந்தது, அதன் மேல் என்ன நடவடிக்கை எடுக்கப்பட்டது, ஓய்வூதியக் கருத்துரு (முன்மொழிவு) கணக்காயர் அலுவலகத்துக்கு அனுப்பப்பட்டதா, அனுப்பியிருந்தால் எந்த நாளில், என்ன எண்ணில்? இவ்வளவு கேட்டால் போதும். காரணம் இருக்கிறது. ஓய்வூதியத்தை கல்வி அலுவலகம் நேராகக் கையில் கொடுப்பதில்லை. அவர்கள் கருத்துரு அனுப்ப, சென்னையில் மாநிலக் கணக்காயர் அலுவலகம் அங்கீகரிக்க, பிறகு கருவூலத்திலிருந்து பணம் வரும். கல்வி அலுவலகம் ஜூனிலேயே அனுப்பிவிட்டது, கோப்பு சென்னையில் கிடக்கிறது என்று பதில் வந்தால், நாம் யார் மேல் மனுப் போடுவது என்ற கேள்வியே வேறாகிவிடும். அனுப்பவே இல்லை என்று அவர்கள் கைப்பட எழுதிக் கொடுத்தால், ‘வேண்டுமென்றே’ என்பதற்கு அதைவிட நல்ல சான்று கிடைக்காது. பதில் வருவதற்காக மனுவைத் தள்ளிப்போட வேண்டாம். வந்த பிறகு கூடுதல் ஆவணமாகத் தாக்கல் செய்துகொள்ளலாம்.

மனுவில் எதிர்தரப்பாக யாரைச் சேர்ப்பது என்பதில் பலர் கோபத்தில் தவறு செய்கிறார்கள். அவமதிப்புக்குத் தண்டனை நாற்காலிக்குக் கிடையாது, அதில் உட்கார்ந்திருக்கும் ஆளுக்குத்தான். அதனால் பதவியோடு பெயரையும் போட வேண்டும். ஜூலையில் இருந்தவர் மாற்றலாகிப் போய், இப்போது வேறு ஒருவர் இருக்கலாம். புதியவருக்கு உத்தரவைத் தெரியப்படுத்திய பிறகும் அவர் செய்யாவிட்டால் அவரும் பொறுப்புதான். எனவே இப்போது இருப்பவர் பெயருக்கு, உத்தரவு நகலை இணைத்து, இரண்டு வாரம் அவகாசம் கொடுத்து ஒரு வக்கீல் நோட்டீஸ் போகட்டும். சட்டப்படி அது கட்டாயமில்லை. ஆனாலும் நான் அனுப்பாமல் மனுப் போடுவதில்லை. உத்தரவில் யாருக்குக் கட்டளை போட்டிருக்கிறதோ அவரை மட்டும் சேருங்கள். கலெக்டர், செயலாளர், எழுத்தர் என்று பட்டியலை நீட்டினால் முதல் நாளே சிலரை நீக்கச் சொல்வார்கள், நேரம்தான் போகும்.

இனி ஜெயில். சட்டத்தில் உள்ள அதிகபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். 1971இல் எழுதிய அந்த 2,000 இன்னும் அப்படியே இருக்கிறது. அபராதம் அரசுக்குப் போகும், உங்களுக்கு வராது. மனதார மன்னிப்புக் கேட்டு, நீதிமன்றம் அதை ஏற்றால் தண்டனை இல்லாமலும் விடலாம். பெரிய மனிதர்களும் தண்டனை அனுபவித்திருக்கிறார்கள். நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியைக் காக்கத் தவறியதற்காக உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு 1994இல் ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் விதித்தது உச்ச நீதிமன்றம். வன வழக்கில் போட்ட உத்தரவுக்கு மாறாக மர அறுவை ஆலைகளுக்கு அனுமதி கொடுத்ததற்காக, 2006இல் மகாராஷ்டிர அமைச்சர் ஒருவருக்கும் மூத்த செயலர் ஒருவருக்கும் ஒரு மாதச் சிறை. 2025 மே மாதம், குண்டூரில் உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குடிசைகளை இடித்த ஆந்திர அதிகாரி ஒருவரின் வழக்கு வந்தது. உயர் நீதிமன்றம் கொடுத்த இரண்டு மாதச் சிறைக்குப் பதிலாக, அவரைத் துணை கலெக்டர் பதவியிலிருந்து தாசில்தாராக இறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் கட்டச் சொன்னது உச்ச நீதிமன்றம்.

ஆனால் இவற்றை மனதில் வைத்து நீங்கள் மதுரைக்குப் புறப்பட வேண்டாம். உங்களைப் போன்ற ஓய்வூதிய வழக்கில் பெரும்பாலும் நடப்பது இதுதான். மனு பட்டியலில் வரும். அரசு வக்கீல் எழுந்து நோட்டீஸ் வாங்கிக்கொண்டு, விவரம் கேட்டுச் சொல்கிறேன் என்று இரண்டு வாரமோ நான்கு வாரமோ கேட்பார். அடுத்த முறையும் பதில் இல்லை என்றால் நீதிபதி ‘ஸ்டேட்யூட்டரி நோட்டீஸ்’, அதாவது அவமதிப்புச் சட்டப்படி அதிகாரிக்கே போகும் முறையான நோட்டீஸ், போடுவார். அந்தத் தாள் அலுவலகத்துக்குள் நுழைந்த நாளிலிருந்து உங்கள் கோப்புக்குக் கால் முளைக்கும். கருத்துரு தயாராகும், கையெழுத்தாகும், சென்னைக்கு ஆளே கொண்டுபோவார்கள். விசாரணைக்கு முதல் நாள் மாலை ஆணை நகல் வாட்ஸ்அப்பில் உங்கள் வக்கீலுக்கு வந்து சேர்ந்தாலும் ஆச்சரியமில்லை. மறுநாள் ‘உத்தரவு நிறைவேற்றப்பட்டது’ என்று பதிவுசெய்து மனுவை முடித்துவைப்பார்கள். அதிகாரி ஒரு மன்னிப்பு மனுவோடு வீட்டுக்குப் போவார். இவ்வளவு அலைக்கழித்தவரை ஒரு நாளாவது நிற்க வைக்கவில்லையே என்று அன்றைக்கு உங்களுக்கு வயிறு எரியும். பலர் எரிந்து நான் பார்த்திருக்கிறேன். நியாயமான எரிச்சல்தான்.

அரசு அதிகாரிகளை எடுத்ததற்கெல்லாம் நேரில் வரச் சொல்லக் கூடாது என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்த பிறகு, அவர் கூண்டில் நிற்பதை நீங்கள் பார்க்கும் வாய்ப்பு இன்னும் குறைந்திருக்கிறது. வரச் சொன்னாலும் முதலில் காணொலி வழியாக வர வாய்ப்புக் கொடுப்பார்கள். தண்டிக்கவில்லை என்பதற்காக நீங்கள் அப்பீல் போகவும் வழியில்லை. 19ஆம் பிரிவு அந்த அப்பீல் உரிமையைத் தண்டிக்கப்பட்டவருக்குத்தான் தருகிறது. அவமதிப்பு வழக்கு நீதிமன்றத்துக்கும் உத்தரவை மீறியவருக்கும் இடையில் நடப்பது. நீங்கள் அதில் நடந்ததைக் கொண்டுபோய்ச் சொல்பவர். ஆகவே மனுவில் வேண்டுகோளை எழுதும்போது, தண்டிக்க வேண்டும் என்பதோடு நிற்காமல், உத்தரவை நிறைவேற்ற வைக்க வேண்டும் என்பதையும் சேர்த்து எழுதச் சொல்லுங்கள். வாதத்திலும் அதையே முன்னால் வைக்கச் சொல்லுங்கள். உங்களுக்கு வேண்டியது மாதாமாதம் பாஸ்புக்கில் விழ வேண்டிய தொகை.

வட்டி கேட்டிருந்தீர்கள். தீர்ப்பில் வட்டி பற்றி ஒரு வரியும் இல்லை. அதனால் அவமதிப்பு மனுவில் அது கிடைக்காது. மூல உத்தரவில் இல்லாத ஒன்றை அவமதிப்பு விசாரணையில் புதிதாகச் சேர்க்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2014இல் சொன்னதே, நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன ஓ.என்.ஜி.சி. ஊழியர் வழக்கு ஒன்றில்தான். நிலுவை முழுதும் கைக்கு வரட்டும், தாமதத்துக்கு வட்டி கேட்டுத் தனியாக மனுப் போடுவது பற்றி அப்புறம் யோசிக்கலாம். இப்போது இரண்டையும் குழப்பினால், வட்டியைப் பற்றிப் பேசியே நாலு வாய்தா போய்விடும்.

மகனைப் பற்றிய உங்கள் பயத்தை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஒரே மேஜையில் இரண்டு கோப்பும் இருக்கும்போது யாருக்கும் அந்த எண்ணம் வரும். அப்படி எதுவும் நடக்காது என்று நான் எழுதிக் கொடுக்கவும் முடியாது. ஆனால் என் அனுபவத்தில், பழிவாங்கப்பட்டவர்களைவிட, பயந்து பேசாமல் இருந்து கெடுவை விட்டவர்கள் பல மடங்கு அதிகம். கருணை வேலைக்கு இறந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுக்குள் விண்ணப்பித்திருக்க வேண்டும். மகன் விண்ணப்பம் கொடுத்த தேதியோடு முத்திரையிட்ட நகல் உங்களிடம் இருக்கிறதா? இல்லை என்றால், எல்லாச் சான்றிதழ்களோடும் இன்னொரு முறை தபாலில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்குச் சான்று வாங்குங்கள். இந்த ஆண்டுக் கடைசிவரை உங்களுக்கு நேரம் இருக்கிறது. காகிதம் பதிவில் ஏறிவிட்டால் அதைக் காணாமல் போக்குவது கடினம். அவமதிப்பு மனு நிலுவையில் இருக்கும்போது மகன் விண்ணப்பத்தைக் காரணமில்லாமல் நிராகரித்தால், அந்தத் தேதிகளே அவர்களுக்கு எதிராகப் பேசும். அலுவலகத்துக்குப் போகும்போது சத்தம் போடாதீர்கள், ‘உள்ளே தள்ளுறேன் பார்’ என்று யாரையும் சொல்ல விடாதீர்கள், மகனையும் சேர்த்துத்தான். எதைக் கேட்டாலும் எழுத்தில் கேளுங்கள்.

செலவுக்கு என்ன செய்வது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனால் கடிதத்தில் வரிகளுக்கு நடுவே தெரிகிறது. வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. 1987ஆம் ஆண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆம் பிரிவு அதைச் சொல்கிறது. மதுரைக் கிளை வளாகத்திலேயே உயர் நீதிமன்ற சட்டப் பணிகள் குழு இருக்கிறது. 15100 என்ற எண்ணில் கூப்பிட்டும் கேட்கலாம். பழைய வக்கீலே நடத்துவதானால் அவரிடமே போங்கள். கோப்பு அவரிடம்தான் இருக்கும்.

அண்ணன் விஷயம். ஹைகோர்ட்டுக்கு ஓட வேண்டாம். கீழ்க்கோர்ட்டு உத்தரவை மீறினால் தண்டிக்கும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு உண்டு, ஆனால் அந்தக் கோர்ட்டிலேயே வழி இருக்கும்போது அங்கே போ என்றுதான் சொல்வார்கள். வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது இடைக்காலத் தடையை மீறினால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் ஆணை 39, விதி 2ஏ இருக்கிறது. முன்சீஃப் நீதிபதியே மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம்வரை சிவில் சிறையிலும் வைக்கலாம். வழக்கு முடிந்து நிரந்தரத் தடை டிகிரி (இறுதித் தீர்ப்பாணை) ஆகிவிட்டால் இந்த விதி பயன்படாது. அப்போது நிறைவேற்று மனு, ஆணை 21, விதி 32. நிரந்தரத் தடை டிகிரியை நிறைவேற்றக் காலக்கெடு இல்லை என்பது அதில் ஒரு நன்மை. அண்ணனிடம் ஒன்று மட்டும் கேளுங்கள்: எதிராளிக்கு நோட்டீஸ் இல்லாமலே வாங்கிய தடையா? அப்படியானால் உத்தரவு கிடைத்த உடனே மனு, பிராது, ஆவண நகல்களை அவருக்கு அனுப்பி, அன்றோ மறுநாளோ அனுப்பியதாக அஃபிடவிட் போட்டிருக்க வேண்டும். அதைச் செய்யவில்லை என்றால், ‘எனக்குத் தடை இருப்பதே தெரியாது’ என்று வேலி போட்டவர் சொல்வதை உடைப்பது சிரமம். வேலி போட்ட அன்றைய படம், அதில் தேதி, பார்த்தவர்கள் யார் என்பதையெல்லாம் இப்போதே எழுதி வைக்கச் சொல்லுங்கள்.

நாளைக்கே நீங்கள் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. அந்த ஒப்புதல் அட்டையை வெயில் வெளிச்சத்தில் வைத்து, விரல் மறைக்காமல், இரண்டு பக்கமும் படம் எடுங்கள். தபால் அலுவலக ரசீதையும் பக்கத்தில் வைத்து எடுங்கள். ரசீதில் எண் தெளிவாக இருந்தால், அதை வைத்து எந்த நாளில் பட்டுவாடா ஆனது என்று தபால் அலுவலகத்தில் எழுதிக் கேட்டு வாங்கலாம். 22ஆ 27ஆ என்று நமக்குத் தெரிய வேண்டும். தெரியும்வரை 22 என்றே கணக்கு வைத்துக்கொள்ளுங்கள்.